கப்பல் கட்டும் செலவும் கணக்கில் வராத முதலும்

காங்கேசன்துறை என்னும் பெயருள்ளேயே ஒரு துறை இருக்கின்றது. மாவிட்டபுரத்துக் கோயிலுக்குரிய காங்கேயன் திருவுருவம் கடல்வழியே வந்து இறங்கியமையால் கயாத்துறை என வழங்கிய இடம் காங்கேசன்துறை ஆயிற்று என்பது இவ்வூரார் வழிவழியாகக் கூறிவரும் ஐதிகம். அதன் வரலாற்றுண்மை எவ்வாறாயினும், ஓர் ஊர் தன் பெயருக்குக் காரணமாகக் கடலையும் கலத்தையும் நினைவிற் கொண்டிருக்கின்றது என்பது மெய். 2023ஆம் ஆண்டு ஒக்டோபர் மாதம் 14ஆம் நாள் நாகபட்டினத்திலிருந்து பயணிகள் கப்பலொன்று ஏறத்தாழ அறுபது கடல்மைல் கடந்து இத்துறையை அடைந்தபோது நம்மவர் மகிழ்ந்ததில் வியப்பில்லை. அம்மகிழ்ச்சியினூடே ஒரு வினாவும் எழுகின்றது. வந்த கப்பல் நம் கரையிற் கட்டப்பட்டதன்று. இத்துறையிலிருந்து கிழக்கே சில மைல் தூரத்திலுள்ள வல்வெட்டித்துறையிலோ, ஒரு காலத்தில் அத்திலாந்திக் சமுத்திரத்தையே கடந்து செல்லத்தக்க கப்பல் கட்டப்பட்டது. கட்டத் தெரிந்திருந்த ஒரு சமுதாயம் வாங்குவதே மலிவு என்று கண்டு கட்டுவதைக் கைவிடுமாயின், அது சிக்கனமா, இழப்பா? கட்டுவது நட்டமெனத் தெரிந்தும் கட்டுவது கடமையாகுமா, அன்றி வீண் பெருமையாகுமா? இவ்வினாக்களை ஆராய்வதே இக்கட்டுரையின் நோக்கமாகும்.

முதலில் ஒரு கப்பலின் செலவு எவற்றாலானது என்று நோக்குதல் வேண்டும். மரக்கலமாயின் மரத்தின் விலை, ஆணியும் இரும்பும், பாய், கயிறு, ஓடாவிமாரின் கூலி என்பன எவர்க்கும் எளிதிற் புலப்படுவன. இவற்றோடு புலப்படாத செலவுகளும் உள. ஏரா வைத்த நாள் தொடங்கி வெள்ளோட்டம் விடும் நாள் வரை, போட்ட பணம் கரையிலேயே முடங்கிக் கிடக்கும். முதற் சரக்கு ஏற்றி முதற் கூலி பெறும் வரை அது ஒரு சதமும் ஈட்டாது. அப்பணம் கடன்பட்டதாயின் வட்டி மட்டும் நாள்தோறும் வளரும். இக்காலப் பெருங்கப்பல்களின் ஒப்பந்தங்களிலும் இவ்வுண்மையே தொழிற்படுகின்றது. ஒப்பந்தம் எழுதும்போது ஒரு பங்கு, உருக்குத் தகடு வெட்டும்போது ஒரு பங்கு, ஏரா வைக்கும்போது ஒரு பங்கு, நீரில் இறக்கும்போது ஒரு பங்கு, கையளிக்கும்போது ஒரு பங்கு என விலையை ஐந்து தவணையாகப் பிரித்துச் செலுத்துவது உலக வழக்கு. காத்திருத்தலின் சுமையைக் கட்டுவோனும் வாங்குவோனும் பகிர்ந்துகொள்ளும் ஏற்பாடே அது. இவற்றின் மேலாகக் கடலின் அபாயமும் ஒரு செலவேயாம். ஒரு கப்பல் அழியின் பல குடும்பங்களின் தேட்டம் ஒரே இரவில் அழியும்.

இத்தகைய சுமைகளைத் தாங்கிக்கொண்டுதான் வல்வெட்டித்துறையார் கப்பல் கட்டினர். அவர்களது கலங்கள் தென்னிந்தியத் துறைகளுக்கும் கிழக்கே பர்மாவுக்கும் சென்று மீண்டன. அவற்றுள் புகழ்பெற்றது ‘அன்னபூரணி’. 1930களில் அமெரிக்கரான வில்லியம் அல்பேட் றொபின்சன் அதனை விலைக்கு வாங்கினார். சிறு படகொன்றில் உலகைச் சுற்றிவந்தவர் அவர்; பின்னர் தாமே ஒரு கப்பல் கட்டும் தளம் நடத்தியவருமாவார். 89 அடி நீளமான அப்பாய்க்கப்பல் ‘புளோரன்ஸ் சி. றொபின்சன்’ என மறுபெயர் சூட்டப்பெற்று, வல்வெட்டித்துறை மாலுமிகளோடு சுயஸ் கால்வாய் வழியாகச் சென்று, அத்திலாந்திக்கைக் கடந்து, 1938 ஆகஸ்ட் மாதத்தில் அமெரிக்காவின் மசாசுசெற்ஸ் மாநிலத்துக் குளோசெஸ்ரர் துறைமுகத்தை அடைந்தது. குளோசெஸ்ரர் தானே கப்பலுக்கும் மீன்பிடிக்கும் பெயர்போன ஊர். அவ்வூரார் பார்த்து வியந்த கப்பல் நமது வடகரையில், வரைபடக் கல்வி பெறாத கைகளால் ஆக்கப்பட்டதாகும். இதனை நாம் மேடைகளிற் பெருமையோடு கூறுகின்றோம். ஆனால், கப்பலைக் குறித்துப் பேசும் அளவுக்கு, அதனைக் கட்டிய கை எங்கே போயிற்று என்பதைக் குறித்து நாம் பேசுவதில்லை.

அக்கை ஒரே நாளில் மறைந்துவிடவில்லை. இயந்திரக் கப்பலும் புகையிரதமும் பாரவண்டியும் பாய்க்கப்பலின் சரக்கைச் சிறிது சிறிதாகப் பறித்தன. சுதந்திரத்தின் பின் இரு நாடுகளும் விதித்த குடிவரவுக் கட்டுப்பாடுகளும் இறக்குமதிக் கட்டுப்பாடுகளும் பாக்கு நீரிணையை ஒரு வேலியாக்கின. சரக்கு இல்லாதபோது கப்பல் வேண்டுவாரில்லை. கப்பல் வேண்டுவார் இல்லாதபோது ஓடாவிக்கு வேலையில்லை. தந்தைக்கு வேலையில்லாதபோது மகன் அத்தொழிலைப் பழகுவதில்லை. இதில் எவரையும் குற்றஞ்சாட்டுதற்கில்லை. ஒவ்வொருவரும் தத்தம் கணக்கில் சரியானதையே செய்தனர். எல்லோரும் சரியாகச் செய்தும் முடிவில் எல்லோருக்கும் பொதுவான ஒன்று இழக்கப்பட்டது. ஒழுக்கவியலார்க்கு இதனினும் சிக்கலான நிலை வேறில்லை எனலாம்.

இவ்விடத்து ஒரு தடை எழுப்பப்படலாம். வரப்போகும் ஆதாயத்தை எண்ணிக் கையிலுள்ள முதலையே இழக்கும் வினையை அறிவுடையார் மேற்கொள்ளார் என்பது வள்ளுவர் கருத்து. பிறநாட்டுத் தளத்தில் மலிவாகவும் உறுதியாகவும் கிடைக்கும் கலத்தை விடுத்து, அதனினும் கூடிய செலவில் இங்கே ஒன்றைக் கட்ட முனைவது முதலை இழக்கும் வினையன்றோ? மிஞ்சும் பணத்தைக் கொண்டு கிணறு வெட்டலாம், பாடசாலை கட்டலாம், நோயாளிக்கு மருந்து வாங்கலாம். வறியவர் பலரைக் கொண்ட சமுதாயம் தன் பெருமைக்காகச் செலவிடுதல் அறமாகாது. இத்தடை வலியது. இதனை உணர்ச்சிச் சொற்களால் ஒதுக்கிவிட முயல்வோர் கட்டுரையாளராகலாம், பொறுப்புடையோராகார்.

ஆயினும் வள்ளுவர் கருத்தை ஏற்றுக்கொண்டே நாம் ஒன்றை வினவலாம். இங்கே முதல் என்பது எது? பெட்டியிலுள்ள பணம் மட்டுமா?

இக்கட்டுரையின் பொருட்டு வடகரையில் முதியவர் ஒருவரைக் கண்டு பேசினேன். அவருடைய தந்தையார் ஓடாவி. அவர் தாம் கண்ணாடியிழைப் படகுகளின் வெடிப்புகளைத் திருத்திப் பிழைத்தவர். கட்டுவது நல்லதா, வாங்குவது நல்லதா என்று நான் கேட்டபோது அவர் சற்றும் தயங்காமல் விடை கூறினார்: “கணக்குப் பாத்தால் வாங்கிறதுதான் தம்பி மலிவு.” பின்னர் சிறிது நேரம் கழித்துத் தாமாகவே சொன்னார்: “எங்கடை அப்பு மரத்தைத் தட்டிப் பாத்தே உள்ளுக்குப் பழுதோ இல்லையோ எண்டு சொல்லிப்போடுவார். நான் அதைப் பழகேல்லை. அப்ப அது தேவைப்படேல்லை. இப்ப ஆரிட்டைப் போய்ப் பழகிறது?”

அவரது முதற் கூற்றும் உண்மை, பிற்கூற்றும் உண்மை. இரண்டுக்கும் இடையிலேதான் நமது வினா கிடக்கின்றது. மரத்தைத் தட்டிப் பார்த்து அதன் உட்பழுதை அறியும் காதுக்கு எந்தக் கணக்குப் புத்தகத்திலும் பக்கமில்லை. அது எத்தனையோ தலைமுறை கண்ட பிழைகளின் வட்டியாக வந்து சேர்ந்த செல்வம். எத்தனை மரங்கள் வீணாகி, எத்தனை கலங்கள் நீரொழுகி அந்தக் காது உண்டாயிற்றோ, யாரறிவார்? அதற்கான செலவு முன்னரே செலுத்தப்பட்டுவிட்டது. அவ்வாறு செலுத்தி முடித்த ஒன்றைக் கைவிடுவோன் பணத்தைச் சேமிப்பதாக எண்ணிக்கொண்டு முதலைச் செலவிடுகின்றான். வட்டிக்கு விட்ட நிலத்தை விற்று அவ்வாண்டு வருமானம் உயர்ந்தது என்று மகிழ்பவன் கணக்கும் இவன் கணக்கும் ஒன்றே.

இஃது உணர்ச்சிவாதமன்று என்பதற்குக் கப்பல் கட்டும் தொழிலின் வரலாறே சான்று. இரண்டாம் உலகப்போரின்போது அமெரிக்கா ‘லிபேர்ட்டி’ என்னும் ஒரே வகையான சரக்குக் கப்பல்களை 1941 முதல் 1945 வரை 2,710 என்ற தொகையிற் கட்டிமுடித்தது. முதற் கப்பலைக் கட்ட 244 நாள்கள் சென்றன. காலப்போக்கில் ஒரு கப்பலுக்கான சராசரிக் காலம் நாற்பது நாள்களையொட்டிக் குறைந்தது. 1942 நவம்பரில், விளம்பரத்துக்காகவெனினும், ஒரு கப்பல் ஐந்து நாளுக்கும் குறைந்த காலத்திலே கட்டி நீரில் இறக்கப்பட்டது. கப்பலின் துண்டங்களை வெவ்வேறிடங்களில் ஆக்கிப் பின்னர் ஒட்டவைத்தமை இதற்கு ஒரு காரணம். செய்து செய்து கை பழகியமை மற்றொரு காரணம். இதிலிருந்து பொருளியலார் கண்ட உண்மை யாதெனில், முதற் பொருளின் விலையில் அப்பொருளின் செலவோடு கற்றற் செலவும் கலந்திருக்கின்றது என்பதாகும். பத்தாவது கப்பலின் மலிவுக்கு முதற் கப்பலே கட்டணம் செலுத்துகின்றது. ஆதலால், முதற் கப்பல் விலை கூடியது என்று காட்டித் தொழிலையே தொடங்காதிருப்பவன், அரிச்சுவடி படிக்கும் பிள்ளை இன்னும் உழைக்கவில்லை என்று பள்ளியினின்றும் மறித்தவனை ஒப்பான்.

தடையற்ற வணிகத்தின் தந்தை எனப்படும் அடம் சிமித்தும் கப்பலைப் பொறுத்தவரை ஒரு விலக்கு வைத்தார் என்பது இங்கு நினைவுகூரத்தக்கது. 1776இல் வெளிவந்த ‘நாடுகளின் செல்வம்’ என்னும் தமது நூலில், ஆங்கிலக் கப்பல்களுக்குச் சலுகையளித்த கப்பற்போக்குவரத்துச் சட்டத்தினால் வணிகம் நட்டமடையக்கூடும் என்பதை ஒப்புக்கொண்டே, நாட்டின் பாதுகாப்பு செல்வத்தினும் மேலானது என்று கூறி அச்சட்டத்தை அவர் பாராட்டினார். இன்று உலகில் கட்டப்படும் கப்பற் கொள்ளளவில் நூற்றுக்குத் தொண்ணூறுக்கு மேற்பட்ட பங்கு சீனா, தென்கொரியா, யப்பான் ஆகிய மூன்று நாடுகளிலேயே உருவாகின்றது. இம்மூன்றும் சந்தையின் அருளினால் மட்டும் அவ்விடத்தை அடையவில்லை. அரசின் கடனுதவியும் பாதுகாப்பும் பலவாண்டு நட்டத்தைப் பொறுத்த பொறுமையும் அவற்றின் தளங்களின் அடித்தளத்திற் புதைந்து கிடக்கின்றன. ஆகவே, அங்கே மலிவு என்று நாம் காணும் விலை இயற்கையானதொரு விலையன்று. வேறொரு மக்கள் கூட்டம் முன்னொரு காலத்தில் செலுத்திய செலவே இன்று மலிவாகத் தோன்றுகின்றது.

விலைக்கும் செலவுக்கும் உள்ள இவ்வேறுபாட்டை நம் பக்கத்துக் கடலிலேயே ஒரு வரலாறு தெளிவாகக் காட்டியிருக்கின்றது. 1906 ஒக்டோபரில் வ.உ. சிதம்பரம்பிள்ளை தூத்துக்குடியில் சுதேசிக் கப்பல் கம்பெனியைப் பதிவுசெய்தார். மூலதனம் பத்து இலட்சம் ரூபா. இருபத்தைந்து ரூபாப் பங்குகள் நாற்பதினாயிரம். தூத்துக்குடிக்கும் கொழும்புக்கும் இடையே கப்பல் விட ‘காலியா’, ‘லாவோ’ என்னும் இரு கப்பல்கள் பிரான்சிலிருந்து வாங்கப்பட்டன. கப்பல் கட்டவும் செலுத்தவும் நம்மவரைப் பயிற்றுவித்தலும் அக்கம்பெனியின் நோக்கங்களுள் அடங்கியிருந்தது. போட்டிக்கு நின்ற பிரித்தானியக் கம்பெனி கட்டணத்தைக் குறைத்தது. சுதேசிக் கம்பெனியும் குறைத்தது. ஈற்றில் வெள்ளையர் கம்பெனி இலவசமாக ஏற்றிச்செல்வதோடு குடையும் கொடுக்க முன்வந்தது என்று அவ்வரலாறு கூறும். 1908இல் வ.உ.சி. சிறைப்பட்டார். 1911இல் கம்பெனி கலைக்கப்பட்டது.

அன்று தூத்துக்குடித் துறையில் நின்ற ஓர் ஏழைப் பயணியை எண்ணிப் பாருங்கள். ஒரு கப்பலுக்குப் பணம் கொடுக்கவேண்டும். மற்றதற்குப் பணமில்லை, குடையும் உண்டு. அவன் இலவசக் கப்பலில் ஏறினால் அவனைப் பழிக்க நமக்கு உரிமை உண்டா? இல்லை என்பதே என் கருத்து. அவன் மடியில் உள்ள காசு அவன் பிள்ளைகளின் சோறு. ஆயினும் அந்த இலவசத்துக்கும் ஒருவர் விலை கொடுத்தே இருந்தார். போட்டியாளன் ஒழிந்தபின் உயரப்போகும் கட்டணத்தைச் செலுத்தவிருந்த நாளைய பயணியே அவர். அவரை எவரும் கேட்கவில்லை. அவர் துறையில் வந்து நிற்கவுமில்லை. இன்னும் வராதவனின் கணக்கில் எழுதப்படும் கடனே இவ்வுலகில் மிக இலகுவாகக் கிடைக்கும் கடன்.

இத்துணை கூறியபின் நமது கட்சியின் குறைகளையும் மறைத்தலாகாது. பழைய கப்பற்றொழிலைப் போற்றுவோர் அதன் இருளையும் நோக்கவேண்டும். ஓடாவியின் கல்வி பிறப்பினாற் கட்டுண்டிருந்தது. தந்தை ஓடாவியாயின் மகனும் ஓடாவி என்ற கட்டுக்கோப்பு திறமையைக் காத்தது உண்மையே. விரும்பிய பிறனைத் தடுத்ததும், விரும்பாத மகனைப் பிணித்ததும் உண்மையே. அந்தக் கை வாங்கிய கூலி அதன் அறிவுக்கு ஈடாக இருந்ததா என்பதையும் கேட்கவேண்டும். கட்டியவனுக்குக் குறைத்துக் கொடுத்து மலிவாகிய கப்பலில், கொடுபடாத கூலியும் ஒரு பலகையாக அறையப்பட்டிருக்கும். ஆகவே ‘பழையதை மீட்போம்’ என்ற முழக்கம் மட்டும் போதாது. எதனை மீட்கின்றோம், எதனை விடுகின்றோம் என்று பிரித்தறிதல் வேண்டும்.

அவ்வாறே, ‘நம் மண்ணில் நடப்பது’ என்ற ஒன்றினாலேயே ஒரு தொழில் நல்லதாகிவிடாது. காங்கேசன்துறைக்கு இது சொல்லித் தெரியவேண்டியதன்று. 1950இல் இங்கே நிறுவப்பட்ட சீமெந்துத் தொழிற்சாலை 1990இல் போரினால் முடங்கும் வரை பலருக்குச் சோறு போட்டது; நாட்டின் பல கட்டடங்களுக்குச் சீமெந்து தந்தது. அதற்காக அகழப்பட்ட சுண்ணக்கல்லின் இடத்தில் இன்றும் குழிகள் வாய் பிளந்து கிடக்கின்றன. குடாநாட்டின் நன்னீரைத் தாங்கி நிற்பது அந்தச் சுண்ணக்கல்லே என்பதை நாம் அறிவோம். சீமெந்து மூட்டையின் விலையில் கல்லை வெட்டிய கூலி இருந்தது. வெட்டிய குழியின் விலை இருந்ததில்லை. கப்பலுக்கும் இவ்விதி பொருந்தும். ஒரு கப்பலின் கடைசிச் செலவு அதனை உடைக்கும் செலவாகும். குஜராத்தின் அலாங் கரையிலும் வங்காளதேசத்தின் சிற்றகொங் கரையிலும் உலகத்தின் முதிய கப்பல்களை வறிய தொழிலாளர் உடைக்கின்றனர். கல்நார்த் தூசையும் நச்சு எண்ணெயையும் அவர்கள் உடலே ஏற்கின்றது. கப்பல்களைப் பாதுகாப்பாக உடைத்தற்குரிய ஹொங்கொங் உடன்படிக்கை 2009இல் ஏற்கப்பட்டும், 2025 ஜூன் மாதத்திலேயே நடைமுறைக்கு வந்தது. ஒரு கப்பலைக் கட்டியபோது எழுதப்படாத செலவு, முப்பது ஆண்டின் பின் முன்பின் அறியாத ஒருவனின் நுரையீரலில் எழுதப்படுகின்றது.

ஆகவே நமது வினாவுக்கு ஒரே சொல்லில் விடை கூற இயலாது. எனினும் கூடிய செலவில் நாமே கட்டுவது எப்பொழுது அறமாகும் என்பதற்குச் சில அளவுகோல்களைக் கூறலாம். முதலாவது, நட்டம் மறைக்கப்படாதிருத்தல் வேண்டும். கற்றலுக்குக் கொடுக்கும் கட்டணம் இவ்வளவு, இத்தனை ஆண்டுக்கு என்று வெளிப்படையாக எழுதப்பட்ட நட்டம் முதலீடாகும். பெருமை என்னும் பட்டுத்துணியால் மூடப்பட்ட நட்டம் ஏமாற்றாகும். இரண்டாவது, நட்டத்தைத் தாங்குவோர் அதனை அறிந்து ஏற்றவராயிருத்தல் வேண்டும். சுதேசிக் கம்பெனியின் பங்குதாரர் தம் பணத்தைத் தாமே வைத்தனர். அவர்கள் இழந்தபோதும் அவ்விழப்பில் ஒரு மாண்பு இருந்தது. கேட்கப்படாத ஏழையின் அரிசியிலிருந்து எடுத்த பணத்தாற் கட்டிய கப்பலுக்கு அம்மாண்பு இல்லை. மூன்றாவது, அத்திறமை பிறப்பு நோக்காது கற்க விரும்பும் எவர்க்கும் திறந்திருத்தல் வேண்டும். எல்லோரும் செலவு செய்து காக்கும் அறிவு சிலருக்கு மட்டும் உடைமையாகுமாயின் அது பொதுமுதலாகாது.

இவ்வளவுகோல்களைக் கொண்டு நோக்குமிடத்து, காங்கேசன்துறையில் நாளையே பெருங்கப்பல் கட்டும் தளம் வேண்டும் என்று எவரும் கூறார். கொரியத் தளங்களோடு போட்டியிடுவது நமது வேலையுமன்று. ஆனால், கட்டுதலுக்கும் வாங்குதலுக்கும் இடையே ஒரு நடுவழி உண்டு. அது திருத்துதல். வாங்கிய படகு எதுவாயினும் பழுதடையும், இயந்திரம் நிற்கும், அடித்தட்டு உப்பில் அரிக்கப்படும். காரைநகரில் நோர்வே நாட்டவரின் உதவியோடு தோன்றிய சீநோர் நிறுவனம் கண்ணாடியிழைப் படகுகளைக் கட்டி, மரம் மாறினும் கை மாறவேண்டியதில்லை என்பதைக் காட்டியது. துறைமுகத்தைப் புனரமைக்கும் திட்டங்களில் அலைதடுப்பு அணைக்கும் ஆழமாக்கலுக்கும் பணம் ஒதுக்கப்படும்போது, இளைஞர் சிலர் படகு கட்டவும் திருத்தவும் பழகுதற்குரிய பட்டறை ஒன்றுக்கும் ஒரு பங்கு ஒதுக்குதல் மிகையான வேண்டுகோளாகாது. மூன்று அளவுகோல்களுக்கும் அமைந்த சிறுநட்டம் அது. முதியவர்கள் சிலர் இன்னும் உயிரோடிருக்கும் இக்காலத்திலேயே அச்செலவு குறைவானது. அவர்களும் போனபின் அதே அறிவை முதலிலிருந்து கண்டுபிடிக்கவேண்டிவரும். அப்பொழுது நாம் கொடுக்கும் விலை, நம் முன்னோர் நூற்றாண்டுகளாகக் கொடுத்த முழு விலையாகும்.

அன்னபூரணியைப் பற்றிப் பேசும்போதெல்லாம் அமெரிக்கர் அதனை வாங்கினர் என்பதையே நாம் பெருமையாகக் கருதுகின்றோம். அவர் வாங்கியதில் நமக்கு இழப்பொன்றுமில்லை. அன்று ஒரு கப்பல் விலைபோயிற்று. அதைப் போல இன்னொன்றைக் கட்டும் கை கரையிலேயே இருந்தது. கப்பலை விற்றவன் ஏழையாவதில்லை. இன்று நம்மிடம் கப்பலும் இல்லை, அக்கையும் இல்லை. மரத்தைத் தட்டிக் கேட்கும் காது எங்கோ ஒரு முற்றத்தில் இன்னும் இருக்கக்கூடும். அதனைத் தேடிச் சென்று அருகில் அமர்ந்து பழகுதற்கு ஆகும் செலவு எவ்வளவு என்று எவரேனும் கணக்கிட்டால், நாம் இதுவரை செலவிட்டவற்றுள் அது மிகச் சிறிய தொகையாகவே இருக்கும்.